கேமராவுக்கு முன்னால் தலை குனிந்தவன்

கேமரா வைத்த கச்சேரிக்கு மிருதங்கம் வாசிக்கப் போகிறேன் என்று உங்களில் யாராவது வந்து சொன்னால், ‘சந்தோஷம்ப்பா’ என்று சொல்லிவிட்டு நான் பேச்சை மாற்றிவிடுவேன். பெரியவருக்குப் பொறாமை என்று வெளியே போய்ப் பேசிக்கொள்கிறீர்களாம். என் காதுக்கும் வந்தது. பொறாமைப்பட என்ன இருக்கிறது? நானும் நாலைந்து படங்களில் முகம் காட்டியவன்தான். அதில் ஒரு படத்தில் காட்டிய முகம் என் பிழைப்பையே கெடுத்தது. அதைப் பற்றி இதுவரை வாய் திறந்ததில்லை. சம்பந்தப்பட்ட இரண்டு பேரும் இப்போது உயிரோடு இல்லை. எனக்கும் கை ஓய்ந்துவிட்டது. அதனால் சொல்கிறேன். பெயர் மட்டும் கேட்காதீர்கள்.

விளக்குச் சூட்டில் மிருதங்கத்தின் தோல் எப்படி முறுக்கிக்கொள்ளும், சுருதியை எப்படிச் சரிபண்ணுவது என்பதெல்லாம் நீங்களே ரெண்டு படத்தில் பட்டுத் தெரிந்துகொள்வீர்கள். நான் சொல்ல வந்தது வேறு.

நம் தொழிலில் ஒரு வழக்கம் இருக்கிறது. யாரும் உட்கார வைத்துச் சொல்லித் தருவதில்லை, மேடையில் பார்த்துப் பார்த்து வந்துவிடும். பாடுகிறவருக்குத் தாளத்தில் ஒரு எண்ணிக்கை பிசகிவிட்டால், ‘நான் சரியான இடத்தில்தான் நிற்கிறேன்’ என்று நாம் அங்கேயே நிற்கக் கூடாது. அவர் கை எங்கே விழுகிறதோ அதுதான் அன்றைய தாளம். வாசிப்பது பாதியில் இருந்தாலும் அறுத்துப் போட்டுவிட்டு அவரோடு தாவ வேண்டும். இது முதல் பாதி. இரண்டாவது பாதிதான் விசேஷம். தாவிய கையோடு அசடு வழிகிற மாதிரி ஒரு சிரிப்பு, நாக்கை லேசாகக் கடித்துக்கொண்டு தலையை ஒரு குனி. முன்வரிசையில் தொடையில் தாளம் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கும் மாமாக்கள், ‘பையன் கோட்டை விட்டுட்டான்’ என்று நம்மைப் பார்த்துச் சிரித்துக்கொள்வார்கள். பாடகரின் பெயர் தப்பித்துவிடும். கச்சேரி முடிந்து கேன்டீனில் காபி குடிக்கும்போதே அதெல்லாம் மறந்து போகும். மறுநாள் யாருக்கும் ஞாபகம் இருக்காது. அந்த தைரியத்தில்தான் நாங்கள் எல்லோரும் தலையைக் குனிந்துகொண்டிருந்தோம்.

எழுபதுகளின் ஆரம்பத்தில் நான் ஒரு பெரிய பாடகருக்கு வாசித்துக்கொண்டிருந்தேன். மயிலாப்பூர்க்காரர். சங்கீத உலகத்தில் எல்லோரும் அவரை அண்ணா என்றுதான் கூப்பிடுவார்கள், நானும் அப்படித்தான். குரல் அப்படியொன்றும் இழைக்கிற குரல் இல்லை. ஆனால் தாளம்! எவ்வளவு சிக்கலான கணக்கைப் பாடினாலும் கடிகாரம் மாதிரி வந்து விழுவார். அவருடைய பெயரே தாளத்தில்தான் நின்றது. நான் அவருக்கு வாசித்த அத்தனை வருஷத்தில் அவர் பிசகி நான் பார்த்ததில்லை. அவருக்கு வாசிக்கிறவன் என்றால் எனக்கும் ஊரில் ஒரு மரியாதை இருந்தது. ‘அவருக்கே வாசிக்கிறான்னா கணக்குல புலிதான்’ என்பார்கள். அந்த ஒரு பேச்சை வைத்துத்தான் தி.நகரில் குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தேன்.

அண்ணாவைப் பற்றி ஒரு டாக்குமென்டரி எடுப்பதாக ஒரு டைரக்டர் வந்தார். அடையாறில் சினிமா படித்துவிட்டு வந்த பையன், நல்ல மரியாதை தெரிந்தவர். மயிலாப்பூரில் ஒரு சபா ஹாலில் சாயங்காலம் கச்சேரி வைத்து அழைத்தவர்களை மட்டும் உட்கார வைத்தார்கள். இரண்டு கேமரா. ஒன்று அண்ணாவுக்கு எதிரே, இன்னொன்று வயலின்காரரின் தோளுக்குப் பின்னாலிருந்து நேராக என்னைப் பார்த்து. மாமி, அதாவது அண்ணாவின் மனைவி, வெந்நீர் பிளாஸ்க்கை மேடைக்கு அனுப்பிவிட்டு எப்போதும்போல முதல் வரிசையில் வந்து உட்கார்ந்தார். அண்ணா பாடுகிற எந்தக் கச்சேரிக்கும் மாமி வராமல் இருந்ததில்லை. மடியில் கையை வைத்துத் தாளம் போட்டுக்கொண்டே கேட்பார்.

விளக்கை ஏற்றினதும் மேடை அடுப்பு மாதிரி ஆகிவிட்டது. ஃபேனைப் போடப்பா என்று லைட்காரரிடம் கேட்டேன். “ஃபேன் போட்டா சவுண்டுல ஏறிக்கினு கீது நைனா, கொஞ்சம் பொறுத்துக்கோ” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அண்ணாவுக்கு அப்போதே முகம் வாடியிருந்தது. அடிக்கடி வலது கையை உதறிக்கொண்டார். எல்லோருக்கும் வியர்த்துக் கொட்டியதால் நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

கல்யாணியில் ஸ்வரம் பாடிக்கொண்டிருந்தார். ஆதி தாளம். உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, ஒரு தட்டு, பிறகு சுண்டு விரல், மோதிர விரல், நடு விரல் என்று எண்ணிக்கை போகும். மிருதங்கக்காரன் கண் எப்போதும் பாடுகிறவர் கையில்தான் இருக்கும். நானும் பார்த்துக்கொண்டே எண்ணிக் கட்டிய ஒரு பெரிய கோர்வைக்குள் இறங்கியிருந்தேன். தட்டினார், சுண்டு விரல் மடங்கியது, அடுத்து நேராக நடு விரலுக்குப் போய்விட்டார். மோதிர விரல் வரவே இல்லை. ஒரு எண்ணிக்கை காணாமல் போய்விட்டது.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. வேறு யாராக இருந்தாலும் சாதாரணமாகத் தாவியிருப்பேன். இவரா, இவர் கையா என்று நினைப்பதற்குள் என் கை கோர்வையை அறுத்துவிட்டது. ஒரு கணம் மிருதங்கத்தின் வலந்தலை சும்மா கிடந்தது. அப்புறம் அவர் போட்ட தாளத்தில் போய் ஒட்டிக்கொண்டேன். வயலின்காரரும் கெட்டிக்காரர், சத்தமில்லாமல் பின்னாலேயே வந்துவிட்டார். அண்ணா நிற்காமல் பாடிக்கொண்டு போனார். நான் வழக்கப்படி நாக்கைக் கடித்துக்கொண்டு, சிரித்துக்கொண்டு, தலையைக் குனிந்தேன். எனக்கு எதிரே முன்வரிசை மட்டும் இல்லை, ஒரு கேமராவும் ஓடிக்கொண்டிருக்கிறது என்ற ஞாபகமே எனக்கு இல்லை. இத்தனைக்கும் அந்தக் கண்ணாடி என் மூக்குக்கு நேரே இருந்தது.

கச்சேரி முடிந்ததும் அதைப் பற்றி அண்ணாவும் பேசவில்லை, நானும் பேசவில்லை. இந்த மாதிரி விஷயங்களைப் பேசுகிற பழக்கம் எங்களிடம் கிடையாது. வயலின்காரர் மட்டும் வாசலில் பீடாவைப் போட்டுக்கொண்டே, “என்னய்யா, இன்னிக்கு இடி விழுந்த மாதிரி ஆயிடுத்து” என்றார். ஆமாம் என்றேன். அதோடு சரி.

அதற்குப் பிறகு சில வாரங்கள்தான். ஒரு காலையில் அண்ணா குளிக்கப் போனவர் விழுந்துவிட்டார். பக்கவாதம். வலது கை, வலது கால் இரண்டும் போய்விட்டன. பேச்சும் போய்விட்டது. ஆஸ்பத்திரிக்குப் போய்ப் பார்த்தேன். அந்தக் கையைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. வெளியே வந்து வராந்தாவில் நின்றபோதுதான் அன்று ஏன் மோதிர விரல் வரவில்லை என்று புத்தியில் உறைத்தது.

அவர் ஆஸ்பத்திரியில் இருக்கும்போதே டைரக்டர் எனக்குச் சொல்லி அனுப்பினார். கோபாலபுரத்தில் ஒரு பழைய பங்களாவின் மாடியில் படத்தை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தார். படத்தை ஓட்டிப் பார்க்கிற மூவியோலா மெஷினுக்கு முன்னால் என்னை உட்கார வைத்து, கல்யாணி ஸ்வரத்தைப் போட்டுக் காட்டினார். முதலில் என் முகம். நாக்கைக் கடிக்கிறேன், அசடு வழிகிறேன், குனிகிறேன். எவ்வளவு அழகாகச் செய்திருக்கிறேன் தெரியுமா, எனக்கே நான்தான் தப்பு செய்தேன் என்று தோன்றியது. பிறகு அதே இடத்தை இன்னொரு கேமராவில் காட்டினார். அண்ணாவின் கை மட்டும், பெரிதாக. விரல் மடங்காமல் நிற்பது பட்டவர்த்தனமாகத் தெரிந்தது.

டைரக்டருக்குச் சங்கீதம் தெரியாது. ஆனால் அதையே திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறார், ஏதோ சரியில்லை என்று கண்டுபிடித்திருக்கிறார். பாட்டை அந்த இடத்தில் வெட்டினால் ஸ்வரம் குதித்துவிடுமாம். ஆடியன்ஸ் பக்கம் காட்டலாமே என்று கேட்டேன். விளக்கெல்லாம் மேடைக்குத்தான், அந்தப் பக்கம் எடுத்ததெல்லாம் இருட்டு என்றார். ஆக இரண்டில் ஒன்றை வைத்தே ஆக வேண்டும், ஒன்று என் முகம், இல்லையென்றால் அவர் கை.

அந்தப் படம் அண்ணாவைப் பற்றிய ஒரே படம். அதில் அவர் கையை அவ்வளவு பெரிதாகக் காட்டினால் என்ன ஆகும்? தாளத்துக்கென்றே பெயர் வாங்கிய மனுஷன், ஆஸ்பத்திரியில் வாய் கோணிப் படுத்திருக்கிறார். வெளியே ஜனங்கள் அந்த விரலைப் பார்த்து உச்சுக் கொட்டுவார்கள். எனக்கு வேறு யோசனையே வரவில்லை.

“என் முகத்தையே வெச்சுடுங்க சார்.”

“நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. படம்னா அது எப்பவும் இருக்கும்.”

“எனக்கு இன்னும் எத்தனையோ கச்சேரி இருக்கு. வாசிச்சுச் சரிபண்ணிப்பேன். அவருக்கு இது ஒண்ணுதான்.”

பெருமையாகத்தான் சொன்னேன். கீழே இறங்கி வரும்போது மனசு லேசாகக்கூட இருந்தது. படம் எப்பவும் இருக்கும் என்று அந்தப் பையன் சொன்னது காதில் விழுந்ததே தவிர புத்தியில் ஏறவில்லை. கச்சேரி பண்ணுகிறவனுக்கு எதுவும் எப்பவும் இருந்து பழக்கம் இல்லை.

அப்போதெல்லாம் தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் டாக்குமென்டரி போடுவார்கள், தெரியுமோ இல்லையோ. அப்படிப் பல இடத்தில் போட்டார்கள். பிறகு சபாக்களில் தனியாகத் திரையிட்டார்கள். தி.நகரில் போட்டபோது நானும் போயிருந்தேன். நான் நாக்கைக் கடிக்கிற இடம் வந்ததும் ஹாலில் சிரிப்பு எழுந்தது. கெட்ட சிரிப்பு இல்லை, செல்லமான சிரிப்புதான். எண்ணிப் பார்த்திருந்தால் யாருக்கும் உண்மை தெரிந்திருக்கும். ஆனால் கண்ணுக்கு எதிரே ஒருத்தன் நாக்கைக் கடிக்கும்போது யார் உட்கார்ந்து எண்ணுவார்கள்?

கொஞ்ச நாளில் எனக்குப் பெயரே போய்விட்டது. ‘எந்த மிருதங்கம்? நாக்கைக் கடிச்சாரே, அவரா?’ என்றுதான் கேட்பார்கள். கேன்டீனில் சாம்பார் ஊற்றுகிறவர்கூடச் சிரிக்க ஆரம்பித்தார். பெரிய பாடகர்களுக்கு என் பெயரைச் சொன்னால், ‘வேண்டாம், நான் கணக்கு அதிகமா பாடறவன்’ என்கிறார்களாம். கூட்டம் வராத மாலை நாலு மணிக் கச்சேரிகள்தான் வர ஆரம்பித்தன. வருத்தமாக இருந்தது, ஆனாலும் வாசித்துச் சரிபண்ணிவிடலாம் என்றுதான் இருந்தேன்.

பிறகு ஒரு நாள் பனகல் பார்க் பக்கம் ஒரு சபாவில், அப்போதுதான் மேலே வந்துகொண்டிருந்த ஒரு பையனுக்கு வாசித்தேன். பாட ஆரம்பித்ததும் அவன் என் பக்கமாகத் திரும்பி உட்கார்ந்துகொண்டு, தாளத்தைப் பெரிது பெரிதாகப் போட ஆரம்பித்தான். ஒவ்வொரு விரலையும் தூக்கிக் காட்டிக் காட்டி மடக்கினான். ஆரம்பப் பாடம் படிக்கிற குழந்தைக்குக் காட்டுவார்களே, அப்படி. ஸ்வரம் வந்தபோது அன்றைய வயலின்காரரும் வில்லை மடியில் வைத்துவிட்டு எனக்காகக் கையில் தாளம் காட்டினார். ஹாலே பார்த்துக்கொண்டிருந்தது. அன்றைக்கு நிஜமாகவே ஒரு இடத்தில் தடுமாறினேன். முடிந்ததும் அந்தப் பையன் என் காலைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு, “தாளம் தெளிவா தெரிஞ்சுதா சார்?” என்று கேட்டான். கிண்டலே இல்லை, அக்கறையாகக் கேட்டான். அதுதான் தாங்க முடியவில்லை.

மறுநாள் காலையில் அண்ணா வீட்டுக்குப் பஸ் ஏறினேன். அவருக்கு அப்போது பேச்சு கொஞ்சம் திரும்பியிருந்தது. ஊருக்கெல்லாம் சொல்லுங்கள் என்று கேட்க நான் போகவில்லை. சபா செக்ரட்டரிகள் அவரைப் பார்க்க வந்துகொண்டிருந்தார்கள். அவர்களில் ஒருவரிடம், ‘அன்னிக்கு அவன் மேல தப்பில்லை’ என்று ஒரு வார்த்தை. அது போதும், அது பரவிவிடும். அவர் மனசு நோகாமல் எப்படிக் கேட்பது என்று வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன்.

மாமி கதவைத் திறந்தார். ஆத்துல யாரும் இல்லை, இன்னிக்குக் கொஞ்சம் தெளிவா பேசறார், நல்ல நேரத்துல வந்தேள் என்று சொல்லி உள்ளே அழைத்துப் போனார். அண்ணா ஈஸி சேரில் சாய்ந்திருந்தார். வலது கை மடியில் ஒரு துண்டின் மேல் கிடந்தது. என்னைப் பார்த்ததும் பாதி முகம் சிரித்தது. நான் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்ததை ஆரம்பிக்க வாயெடுத்தேன். அதற்குள் அவரே பேச ஆரம்பித்தார். ஒவ்வொரு வார்த்தையாகத்தான் வந்தது.

படம் பார்த்தாராம். டைரக்டர் புரொஜெக்டரைக் கொண்டுவந்து வீட்டுச் சுவரிலேயே போட்டுக் காட்டினாராம்.

“நீ... அந்த எடத்துல... தவறிட்டே.”

நான் மாமியைப் பார்த்தேன். அவர் ஈஸி சேருக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார். தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“மனசுல... வெச்சுக்காதே. எல்லாருக்கும்... ஒரு நாள்... தவறும்.” மூச்சு வாங்கிக்கொண்டார். “செக்ரட்டரி... வந்தார். உன்னை... எல்லாரும்... ஒதுக்கறாளாமே. நான் சொல்லிட்டேன். ஒரு தடவை... தவறிட்டான்... மன்னிச்சுடுங்கோ... அவனையே... போடுங்கோன்னு... சொல்லிட்டேன்.”

இவ்வளவையும் சொல்லி முடிக்க அவருக்கு எவ்வளவு சிரமம் என்று எனக்குத் தெரிந்தது. சொல்லி முடித்ததும் எனக்கு ஏதோ பெரிய உபகாரம் செய்துவிட்ட திருப்தி அவர் முகத்தில் இருந்தது. நிஜமாகவே நம்பிக்கொண்டிருந்தார். தன் விரல் நின்றது அவருக்கே தெரியாது. நான் எந்த வார்த்தைக்காக வந்தேனோ, அந்த வார்த்தையை அவர் தலைகீழாகச் சொல்லி முடித்துவிட்டார். அவரே சொன்ன பிறகு இனி ஊரில் யார் சந்தேகப்படப் போகிறார்கள்?

கோபம் வந்தது. மறைக்க மாட்டேன். அந்தக் கையைப் பிடித்து உலுக்கி, இதுதான், இந்த விரல்தான் என்று கத்த வேண்டும்போல இருந்தது. அவர் என் பதிலுக்காக என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“ஆமாண்ணா,” என்றேன். “தவறிடுச்சு. நீங்க சொன்னதே எனக்குப் பெரிசு.”

அவர் இடது கையால் என் தலையைத் தொட்டார். நான் குனிந்துகொண்டேன்.

மாமி வாசல் வரைக்கும் வந்தார். நான் செருப்பை மாட்டிக்கொள்ளும்போது உள்ளே திரும்பிப் பார்த்துவிட்டு, குரலை இறக்கிச் சொன்னார். “மோதிர விரல் மடங்கலை. நான் எண்ணிண்டுதான் உக்காந்திருந்தேன்.”

முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஒருத்தருக்காவது தெரிந்திருக்கிறதே என்று எனக்குக் கண் கலங்கிவிட்டது. மாமி எனக்கு மூத்தவர். என்னைப் பார்த்துக் கை கூப்பினார்.

“அவர் இருக்கற வரைக்கும் இது இப்படியே இருக்கட்டும். தெரிஞ்சா தாங்க மாட்டார்.”

சரி மாமி என்று சொல்லிவிட்டு வந்தேன். வேறு என்ன சொல்வது?

ஒரு வருஷம்கூட ஆகவில்லை, அண்ணா போய்விட்டார். ஊருக்கு டி.வி. வந்த பிறகு அவர் நினைவு நாளுக்கெல்லாம் அந்தப் படத்தைத்தான் போட்டார்கள். நீங்கள் பிறப்பதற்கு முன்பே என் நாக்கு வீடு வீடாகப் போய்விட்டது. பெரிய கச்சேரி எதுவும் எனக்குத் திரும்ப வரவில்லை. நாட்டியத்துக்கு வாசித்தேன், பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தேன், காலம் ஓடிவிட்டது.

கேமரா முன்னால் பாடகருக்குப் பிசகினால் நீங்களும் தாவத்தான் வேண்டும், அதில் மாற்றமில்லை. முகத்தை மட்டும் கல்லு மாதிரி வைத்துக்கொள்ளுங்கள்.

அவர் இருக்கிற வரைக்கும் என்றுதானே மாமி சொன்னார். அதனால் அண்ணா போன பிறகு, மாமியே அதை வெளியே சொல்வார் என்று நான் காத்திருந்தேன். மாமி அதற்கப்புறம் ரொம்ப வருஷம் இருந்தார். என் மேல் அவருக்குப் பிரியம் அதிகம். வருஷா வருஷம் நவராத்திரிக்கு என்னையும் என் வீட்டுக்காரியையும் தவறாமல் கூப்பிடுவார், உட்கார வைத்துப் பேசுவார், சுண்டல் கட்டிக் கொடுப்பார். இதைப் பற்றி மட்டும் பேசவே மாட்டார். கிளம்பும்போது வாசல் வரைக்கும் வந்து, பார்த்துப் போயிட்டு வாங்கோ என்பார். நான் செருப்பை மாட்டிக்கொள்ளக் கொஞ்சம் அதிக நேரம் எடுத்துக்கொள்வேன். அவர் உள்ளே போய்விடுவார்.